வில்லி சட்டன் பிடிபட்டது தற்செயலா?

கேள்வியைச் சுருக்கிச் சொன்னால் இதுதான்: மூன்று சிறைகளிலிருந்து தப்பி, ஐந்து வருடம் தலைமறைவாகவே வாழ்ந்த அமெரிக்க வங்கிக் கொள்ளையன் வில்லி சட்டன், 1952-இல் பட்டப்பகலில் ரயிலில் உட்கார்ந்திருந்தபோது ஒரு துணிக்கடை இளைஞரின் கண்ணில் பட்டு மாட்டிக்கொண்டான் என்கிறார்களே, அது வெறும் தற்செயலா, போலீஸின் சாமர்த்தியமா? கூடவே, "வங்கியை ஏன் கொள்ளையடிக்கிறாய்?" என்று கேட்டதற்கு "அங்கேதானே பணம் இருக்கிறது" என்று அவன் சொன்னதாகச் சுற்றிவரும் வாசகம் உண்மையா என்றும் கேட்டிருக்கிறீர்கள்.

இரண்டாவது கேள்விக்குப் பதில் சின்னது, அதை முதலில் முடித்துவிடுகிறேன். தான் அப்படிச் சொல்லவே இல்லை என்று சட்டனே 1976-இல் வெளிவந்த தன் வாழ்க்கை நூலில் எழுதிவிட்டான். எந்த நிருபரோ தன் கட்டுரைக்கு ஒரு வரி தேவைப்பட்டதால் எழுதிக்கொண்டது என்பது அவன் விளக்கம். உண்மையான காரணமாக அவன் சொன்னது வேறு: வங்கிக்குள் நின்று கொள்ளையடிக்கும் நேரத்தில் கிடைத்த உயிர்த்துடிப்பு வாழ்க்கையில் வேறெதிலும் கிடைக்கவில்லை என்றான். அந்த வாசகம் மருத்துவக் கல்லூரி வரைக்கும் போய்விட்டது. நோய் எதுவாக இருக்க அதிக வாய்ப்போ அதற்கான பரிசோதனையை முதலில் செய் என்பதற்கு 'சட்டன் விதி' என்று பெயர் வைத்து இன்றும் சொல்லித்தருகிறார்கள். சொல்லாத வார்த்தைக்கு வந்த புகழ் அது.

இனி முதல் கேள்வி. சட்டன் 1901-இல் நியூயார்க்கின் புரூக்ளினில், ஐரிஷ் வழிக் குடும்பத்தில் பிறந்தவன். சுமார் 100 வங்கிகள், 20 லட்சம் டாலர் என்று அவனைப் பற்றி எழுதுகிறவர்கள் எல்லோரும் எழுதுவார்கள். இந்தக் கணக்கை அப்படியே எடுத்துக்கொள்ளாதீர்கள். இது பத்திரிகைகளும் அவனும் சேர்ந்து வளர்த்த மதிப்பீடு. நீதிமன்றத்தில் நிரூபணமானவை ஒரு கை விரல்களுக்குள் அடங்கிவிடும். யாரையும் கொன்றதாக அவன் மீது தீர்ப்பு இல்லை என்பது நிஜம். அதை வைத்து அவனைச் சாதுவாக்கிவிடவும் கூடாது. கைத்துப்பாக்கியும் தாம்சன் இயந்திரத் துப்பாக்கியும் அவன் வேலைக்கான சாமான்கள். ஏழைகளுக்கு வாரிக் கொடுத்தான் என்ற கதைக்கும் ஆதாரம் கிடையாது.

அவன் முறையைப் புரிந்துகொள்ள அந்தக் காலத்து வங்கிப் பூட்டைப் பற்றிக் கொஞ்சம் தெரிந்திருக்க வேண்டும். 19-ஆம் நூற்றாண்டில் அமெரிக்கக் கொள்ளையர்கள் ராத்திரியில் காசாளர் வீட்டுக்கே போய், குடும்பத்தைப் பிடித்து வைத்துக்கொண்டு, அவரை இழுத்து வந்து ஸ்ட்ராங் ரூமைத் திறக்க வைத்தார்கள். அதற்கு மாற்றாக 1870-களில் வந்தது டைம் லாக். கதவின் உட்பக்கம் சாவி கொடுக்கும் கடிகாரங்கள் இருக்கும்; பெரும்பாலும் மூன்று. மாலையில் கதவைச் சாத்தும்போது, மறுநாள் காலை எத்தனை மணி நேரம் கழித்துத் திறக்க வேண்டுமோ அத்தனை மணிக்குச் சாவி முறுக்கி வைப்பார்கள். அந்த நேரம் ஓடி முடியும்வரை, எண் பூட்டின் எண்கள் தெரிந்த மேனேஜரே வந்தாலும் கதவு திறக்காது. மூன்று எதற்கு என்றால், ஒன்றோ இரண்டோ நின்றுபோனாலும் மீதி ஒன்று ஓடி முடித்தால் பூட்டு விடுபட வேண்டும், இல்லாவிட்டால் வங்கியே தன் பணத்துக்கு வெளியே நிற்க வேண்டியதாகிவிடும்.

இந்தப் பூட்டு ராத்திரிக் கொள்ளையை முடக்கியது. ஆனால் ஓர் இடைவெளியை அப்படியே விட்டுவிட்டது: காலையில் ஊழியர்கள் வரத் தொடங்குவதற்கும் வாடிக்கையாளருக்குக் கதவு திறப்பதற்கும் இடையிலுள்ள நேரம். கடிகாரம் அந்த நேரத்துக்குள்தான் ஓடி முடியும், எண் தெரிந்தவரும் உள்ளே இருப்பார், பொதுமக்கள் இருக்க மாட்டார்கள். சட்டனின் மொத்தத் தொழிலும் அந்த இடைவெளிக்குள் நடந்ததுதான். முதலில் எதிரே எங்காவது நின்று பல நாள் நோட்டம் பார்ப்பான். காவலாளி எத்தனை மணிக்கு வருகிறார், அடுத்தது யார், மேனேஜர் எப்போது, மொத்தம் எத்தனை பேர் என்ற கணக்கு பிசகக் கூடாது. வேலை நாளன்று தபால்காரனாகவோ தந்திப் பையனாகவோ போலீஸ்காரனாகவோ ஜன்னல் துடைப்பவனாகவோ உடை போட்டுக்கொண்டு காவலாளிக்குப் பின்னாலேயே போய் நிற்பான். சீருடையைப் பார்த்ததும் கதவைத் திறப்பது மனித சுபாவம். உள்ளே போனதும் காவலாளியைக் கொண்டே, வருகிற ஊழியர்களை வழக்கம்போல ஒவ்வொருவராக உள்ளே விட வைப்பான். கடைசியில் மேனேஜர், பிறகு எண் பூட்டு. வாடிக்கையாளர் வரும் நேரத்துக்கு முன்பே கும்பல் கிளம்பிவிடும். வேடம் மாற்றி மாற்றி வந்ததால் பத்திரிகைகள் வைத்த பெயர் 'நடிகன் வில்லி'.

எங்கே தவறும் என்பதற்கும் அவன் கதையிலேயே சான்று உண்டு. 1933 பிப்ரவரி 15 அன்று பிலடெல்பியாவில் கார்ன் எக்ஸ்சேஞ்ச் வங்கிக்குத் தபால்காரன் வேடத்தில் போனான். தெருவில் போன ஒருவர் சந்தேகப்பட்டதால் திட்டம் கெட்டு, ஓட வேண்டியதாயிற்று. முன்வாசல்தான் இந்த முறையின் பலவீனம். உள்ளே எத்தனை பேரை அடக்கினாலும் தெருவை அடக்க முடியாது. 1934 ஜனவரி 15 அன்று அதே வங்கிக்கு இரண்டு கூட்டாளிகளோடு திரும்பி வந்தபோது முன்வாசலையே தொடவில்லை. கூரையிலிருந்த கண்ணாடி ஜன்னல் வழியாக இறங்கி உள்ளே காத்திருந்தான். காவலாளி வந்ததும் பிடித்து, ஊழியர்களை வரவர உள்ளே விடச் சொல்லி, ஒவ்வொருவருக்கும் கைவிலங்கு போட்டு, பின்னாலிருந்த சின்ன அறையில் அடைத்தார்கள். அது பலித்தது. ஆனால் மூன்றே வாரத்தில், பிப்ரவரி 5 அன்று பிடிபட்டான். தண்டனை 25 முதல் 50 வருடம்.

அமெரிக்க வங்கிகள் பின்னால் இந்த இடைவெளியை அடைத்த விதம் எளிமையானது. காலையில் முதலில் ஒருவர் மட்டும் உள்ளே போய்க் கழிப்பறை வரைக்கும் எல்லா அறையையும் பார்ப்பார். இன்னொருவர் தள்ளி, தெருவிலோ காரிலோ நிற்பார். உள்ளே எல்லாம் சரி என்றால் முன்பே பேசிவைத்த ஓர் அடையாளம் தெரியும்: ஒரு திரை விலகும், அல்லது ஒரு பலகை இடம் மாறும். குறித்த நிமிடத்துக்குள் அது தெரியாவிட்டால் வெளியில் இருப்பவர் உள்ளே போகவே கூடாது, போலீஸைக் கூப்பிட வேண்டும். ஸ்ட்ராங் ரூம் எண்களையும் இரண்டாகப் பிரித்து இரண்டு பேரிடம் கொடுத்தார்கள். 1968-இல் வந்த வங்கிப் பாதுகாப்புச் சட்டம், ஒவ்வொரு வங்கியும் ஒரு பாதுகாப்பு அதிகாரியை நியமித்து எழுத்துமூலமான நடைமுறை வைத்திருக்க வேண்டும் என்று ஆக்கியது.

சிறை தாண்டிய கதைகளில் பெருமை பேச்சு கலந்திருக்கிறது. சந்தேகத்துக்கு இடமில்லாதவற்றை மட்டும் சொல்கிறேன். 1932 டிசம்பர் 11 அன்று நியூயார்க்கின் சிங் சிங் சிறையில் 9 அடி நீள ஏணித் துண்டுகள் இரண்டைச் சேர்த்துக் கட்டிச் சுவரேறிப் போனான். 1945 ஏப்ரல் 3 அன்று பிலடெல்பியாவின் ஈஸ்டர்ன் ஸ்டேட் சிறையில் 12 பேர் சுரங்கம் வழியாக வெளியேறினார்கள், அவர்களில் இவனும் ஒருவன். அந்தச் சுரங்கத்தைத் தன் யோசனை என்று பின்னால் சொல்லிக்கொண்டான். அது நம்பத் தகுந்ததல்ல. கட்டிய கை கிளாரன்ஸ் கிளைன்டின்ஸ்ட் என்ற கைதியுடையது. அவர் தொழில்முறைப் பூச்சு வேலைக்காரர், கொத்து வேலையும் தெரிந்தவர். தன் அறைச் சுவரிலிருந்து தொடங்கி 12 அடி கீழே இறக்கி, அங்கிருந்து கிட்டத்தட்ட 100 அடி வெளியே கொண்டுபோயிருந்தார். மண் சரியாதபடி பலகைகள் முட்டுக் கொடுத்து, விளக்கும் காற்றோட்டமும் வைத்திருந்தார். இரண்டிரண்டு பேராக, அரை மணி நேரத்துக்கு ஒரு முறை ஆள் மாற்றித் தோண்டினார்கள். இத்தனை உழைப்புக்குப் பிறகும் சட்டன் அன்றைக்கே, வெளியே வந்த சில நிமிடங்களில் பிடிபட்டான். தப்பியவர்களில் ஒருவர் ஒரு வாரம் கழித்துப் பசி தாங்காமல் தானே சிறைவாசல் மணியை அடித்தார்.

அதன் பிறகு அவனுக்கு ஆயுள் தண்டனை. ஹோம்ஸ்பர்க் சிறைக்கு மாற்றம். 1947 பிப்ரவரி 10 இரவு அவனும் வேறு சில கைதிகளும் காவலர் உடையில் இரண்டு ஏணிகளைத் தூக்கிக்கொண்டு சிறை முற்றத்தைக் கடந்தார்கள். தேடும் விளக்கு அவர்கள் மேல் விழுந்தபோது, "ஒன்றுமில்லை, எல்லாம் சரிதான்" என்கிற மாதிரி சட்டன் குரல் கொடுத்தான். யாரும் தடுக்கவில்லை. வங்கி வாசலில் பலித்த அதே வித்தை.

ஐந்து வருடத் தலைமறைவு எப்படி முடிந்தது என்பதில் பலர் தப்புக் கணக்குப் போடுகிறார்கள். தூர தேசம், மாளிகை, பொய் பாஸ்போர்ட் எதுவும் இல்லை. நியூயார்க்கின் ஸ்டாட்டன் தீவில் ஆதரவற்ற முதியோருக்கான அரசு இல்லம் ஒன்றில், பொய்ப் பெயரில், தரை துடைக்கும் கூலி வேலை பார்த்தான். அங்கே யாரும் ஆவணம் கேட்கவில்லை. குறைந்த சம்பள வேலைக்கு வருகிறவனின் முகத்தை யாரும் உற்றுப் பார்ப்பதும் இல்லை. பிற்பாடு புரூக்ளினில் டீன் தெருவில் ஒரு வாடகை அறை. தான் பிறந்த ஊரிலேயே, போலீஸ் நிலையத்திலிருந்து நடந்து போகும் தூரத்தில் இருந்தான்.

இதைக் கெடுத்தது 1950 மார்ச் மாதம். 9-ஆம் தேதி காலை குயின்ஸ் பகுதியில் சன்னிசைடிலுள்ள மேனுபேக்சரர்ஸ் டிரஸ்ட் வங்கிக் கிளையில் ஏறத்தாழ 64,000 டாலர் போனது. வழக்கமான அதே காலை நேரம், அதே முறை. பார்த்தவர்கள் படங்களிலிருந்து சட்டனை அடையாளம் காட்டினார்கள். ஒரே மாதிரியான செய்முறை பழகிவிட்டால் அதுவே கைரேகை மாதிரி ஆகிவிடும். தற்செயலாக அதே மாதம் 14-ஆம் தேதிதான் அமெரிக்க மத்தியப் புலனாய்வு அமைப்பான எப்.பி.ஐ. தன் 'தேடப்படும் பத்துப் பேர்' பட்டியலைத் தொடங்கியது. 20-ஆம் தேதி அதில் தொடக்கத்திலிருந்து எண்ணினால் பதினோராவது ஆளாகச் சட்டன் சேர்க்கப்பட்டான்.

பட்டியலை அறிவித்ததோடு நிற்காமல் எப்.பி.ஐ. செய்த ஒரு காரியத்தில்தான் உங்கள் கேள்விக்கான பாதி விடை இருக்கிறது. சட்டன் உடை விஷயத்தில் ஆடம்பரக்காரன், நல்ல கோட்டுக்குச் செலவு செய்யத் தயங்காதவன். அதனால் அவன் படம் போட்ட நோட்டீஸைக் காவல் நிலையங்களோடு தையல்காரர்களுக்கும் அனுப்பினார்கள். அப்படி ஒரு நோட்டீஸ், புரூக்ளினில் அப்பாவின் துணிக்கடையில் வேலை பார்த்த 24 வயது ஆர்னால்ட் ஷூஸ்டர் கையிலும் இருந்தது. அவர் அதை ஒருமுறை பார்த்துவிட்டுத் தூக்கிப் போடவில்லை. அறிமுகமில்லாத முகத்தை ஒரு படத்தை வைத்துக்கொண்டு நேரில் அடையாளம் காண்பது லேசான காரியமல்ல. இப்படி வரும் தகவல்களில் பெரும்பாலானவை வேறு யாரோ ஒருவரைக் காட்டுபவைதான். படம் பல நாள் கண்முன் இருந்து, மூக்கும் கண்ணும் மனதில் பதிந்திருந்தால் மட்டுமே இது கைகூடும்.

1952 பிப்ரவரி 18. சட்டனின் கார் பேட்டரி செத்துப்போயிருந்தது. அதனால் சப்வே எனும் நிலத்தடி ரயிலில் போனான். எதிரே ஷூஸ்டர். சந்தேகம் வந்ததும் அவர் கூச்சல் போடவில்லை, தானே பிடிக்கவும் பாயவில்லை. அவன் இறங்கிய இடத்தில் இறங்கி, தள்ளிப் பின்தொடர்ந்து, அவன் ஒரு பெட்ரோல் நிலையத்தில் பேட்டரி வாங்குவதைப் பார்த்துவிட்டு, அருகே ரோந்து காரில் இருந்த இரண்டு போலீஸ்காரர்களிடம் போய்ச் சொன்னார். ஒரு சாதாரண ஆள் செய்ய வேண்டியதை ஒன்றுகூடப் பிசகாமல் செய்தார் என்பது என் கருத்து.

அடுத்து நடந்தது போலீஸ் பயிற்சியில் பாடமாக வைக்கத் தகுந்தது. இரண்டு காவலரும் போய்க் கார் பதிவுச் சான்றைக் கேட்டார்கள். சார்லஸ் கார்டன் என்ற பெயரில் சான்று சரியாக இருந்தது. நன்றி சொல்லித் திரும்பிவிட்டார்கள். காகிதத்தைச் சரிபார்த்தார்கள், மனிதனைச் சரிபார்க்கவில்லை. பொய்ப் பெயரில் வாழ்கிறவனிடம் காகிதம்தான் முதலில் சரியாக இருக்கும். நல்லவேளையாக மனது ஒப்பாமல் நிலையத்துக்குப் போய் ஒரு துப்பறியும் அதிகாரியை அழைத்துக்கொண்டு திரும்பி வந்தார்கள். அதுவரை சட்டன் அங்கேயே நின்று பேட்டரி மாட்டிக்கொண்டிருந்தான். ஓடினால் சந்தேகம் உறுதியாகிவிடும், நின்றால் தப்பலாம் என்பது அவன் கணக்கு. முன்பு பலமுறை பலித்த கணக்குதான். நிலையத்துக்கு வரச் சொன்னபோதும் மறுக்காமல் வந்தான். அவனிடம் துப்பாக்கி இருந்தது, அதை எடுக்கவில்லை. கைரேகை பார்த்ததும் வேடம் கலைந்தது.

ஆக, ரயிலில் இருவரும் ஒரே பெட்டியில் இருந்தது தற்செயல். பார்த்தவர் கையில் படம் போய்ச் சேர்ந்திருந்தது தற்செயல் அல்ல. இது ஒரு தனி வழக்கின் அதிசயமும் அல்ல: 1950 முதல் அந்தப் பட்டியலில் இடம்பெற்ற 500-க்கு மேற்பட்டவர்களில் 160-க்கும் மேலானவர்கள் பொதுமக்கள் கொடுத்த தகவலால் பிடிபட்டவர்கள்.

பிடிபட்டபோது அவன் அனுபவிக்க வேண்டிய பாக்கி ஓர் ஆயுள் தண்டனையும் 105 வருடமும். சன்னிசைடு வழக்கில் கூட்டாளி ஒருவர் அப்ரூவராகிச் சாட்சி சொல்ல, அதன்மேல் 30 வருடம் முதல் ஆயுள்வரை சேர்ந்தது. ஆட்டிகா சிறையில் இருந்தவனை உடல்நலக் குறைவையும் நன்னடத்தையையும் பார்த்து 1969 கிறிஸ்துமஸுக்கு முந்தைய நாள் விடுவித்தார்கள். அடுத்த வருடமே கனெக்டிகட் மாநிலத்தில் ஒரு வங்கி, வாடிக்கையாளரின் புகைப்படம் அச்சிட்ட கடன் அட்டைக்கு அவனை விளம்பரத்தில் நடிக்க வைத்தது. 1980 நவம்பர் 2 அன்று புளோரிடாவில் 79 வயதில் இறந்தான்.

ஷூஸ்டருக்கு அந்த வயது வாய்க்கவில்லை. சட்டனைப் பற்றிக் கேட்கிறவர்கள் பெரும்பாலும் இவரைக் கேட்பதில்லை என்பதால் இதைக் கொஞ்சம் விரிவாகச் சொல்ல வேண்டும். காவல்துறையின் முதல் அறிவிப்பில் அவர் பெயரே இல்லை, காவலர்கள்தான் கண்டுபிடித்ததாகச் செய்தி போனது. பிறகு அவர் பங்கு தெரியவந்ததும் பத்திரிகையிலும் தொலைக்காட்சியிலும் முகமும் பெயரும் வந்தன. மிரட்டல்கள் வரத் தொடங்கின. காவல்துறை கொஞ்ச நாள் பாதுகாப்புக் கொடுத்துவிட்டு விலக்கிக்கொண்டது என்பது குடும்பத்தின் புகார். பிடித்துக் கொடுத்து 19 நாள் கழித்து, மார்ச் 8 இரவு, கடையிலிருந்து திரும்பியவரை வீட்டுக்கு அருகிலேயே சுட்டுக் கொன்றார்கள். இரண்டு கண்களிலும் குண்டு பாய்ந்திருந்தது. பார்த்ததற்கான தண்டனை என்று அதைப் படிக்காமல் இருக்க முடியாது.

கொன்றது யார் என்பதில் உறுதியானது இவ்வளவுதான்: யாரும் தண்டிக்கப்படவில்லை. 1947-இல் சட்டனோடு ஹோம்ஸ்பர்க்கிலிருந்து தப்பிய பிரெடரிக் டெனுடோ மீது போலீஸுக்குச் சந்தேகம் இருந்தது, அவன் பிடிபடவே இல்லை. மாபியா கும்பலிலிருந்து வெளியே வந்து பேசிய ஜோசப் வலாச்சி சொன்ன கதை ஒன்றும் உண்டு. தொலைக்காட்சியில் ஷூஸ்டரைப் பார்த்த கும்பல் தலைவன் ஆல்பர்ட் அனஸ்டாசியா, காட்டிக்கொடுப்பவனைக் கண்டாலே ஆகாது என்று சொல்லிக் கொல்ல உத்தரவிட்டான் என்பது அது. சட்டனுக்கும் அனஸ்டாசியாவுக்கும் எந்தச் சம்பந்தமும் கிடையாது. வலாச்சி நேரில் பார்த்ததைச் சொல்லவில்லை, கேள்விப்பட்டதைச் சொன்னார். அதைச் சொன்னபோது, 1957-இல் சுடப்பட்ட அனஸ்டாசியா உயிரோடு இல்லை. அதனால் இதைப் பலமான வதந்தி என்ற அளவில் வைத்துக்கொள்வதே சரி.

ஷூஸ்டரின் தந்தை நியூயார்க் நகராட்சி மீது வழக்குப் போட்டார். தனி மனிதன் ஒவ்வொருவனையும் காப்பாற்றும் கடமை நகராட்சிக்கு இல்லை என்பதுதான் அதுவரை பொது விதி. கீழ் நீதிமன்றங்கள் அதைச் சொல்லி வழக்கைத் தள்ளின. 1958-இல் மாநிலத்தின் உச்ச அமர்வான மேல்முறையீட்டு நீதிமன்றம் நாலுக்கு மூன்று என்ற கணக்கில் அதை மாற்றிச் சொன்னது: குற்றவாளியைப் பிடிக்க ஒருவர் அரசோடு ஒத்துழைத்து, அதனால் அவருக்கு ஆபத்து என்று நியாயமாகத் தெரியவரும்போது, அவரைப் பாதுகாக்க உரிய அக்கறை எடுக்கும் தனிக் கடமை நகராட்சிக்கு உண்டு. 'ஷூஸ்டர் எதிர் நியூயார்க் நகராட்சி' என்ற பெயரில் அமெரிக்கச் சட்டக் கல்லூரிகளில் இன்றும் அதைப் படிக்கிறார்கள். அந்தத் தீர்ப்பு வந்தபோது ஷூஸ்டர் இறந்து ஆறு வருடம் ஆகியிருந்தது.